நான் சுருக்கிய கடிதம்

அக்காவின் பணிப்பதிவேடு இரண்டு பாகங்கள் கொண்டது. முதல் பாகத்தின் அட்டை கிழிந்து, பழுப்புத் தாள் ஒட்டியிருக்கும். இரண்டாம் பாகத்தின் நடுவில் ஒரு கடித நகல் சேர்க்கப்பட்டிருக்கிறது. நான்கு வரி. கீழே அக்காவின் கையெழுத்து, அதன் பக்கத்தில் தேதி முத்திரை. அந்த நான்கு வரியையும் எழுதியவன் நான்.

அப்போது ஒரு நாளிதழில் செய்திகளைத் திருத்தும் மேசையில் எனக்கு வேலை. நிருபர் நாற்பது வரி அனுப்பினால் பன்னிரண்டாக்குவேன். யார், எங்கே, எப்போது, என்ன, மீதியை அடித்துவிடுவேன். "இப்போதைக்கு", "ஓரளவு", "சூழ்நிலை காரணமாக" போன்ற சொற்களைக் கண்டால் பேனா தானாகவே அந்தப் பக்கம் போகும். வீட்டிலும் அதே பழக்கம்தான். கொருக்குப்பேட்டையில் எங்கள் தெருவில் யாருக்கு மனு எழுத வேண்டியிருந்தாலும் எங்கள் வீட்டுக் கதவைத்தான் தட்டுவார்கள். அக்கா எழுதுவாள். நான் வாங்கிப் பார்த்துச் சுருக்கிக் கொடுப்பேன்.

அக்காவுக்குத் திருவொற்றியூரில் ஓர் அரசு அலுவலகத்தில் உத்தியோகம். ரயில் ஒழுங்காக ஓடினால் கால் மணி நேரத்தில் போய்விடலாம். ஓடாத நாளில் ஷேர் ஆட்டோ பிடித்து, எண்ணூர் நெடுஞ்சாலையில் கண்டெய்னர் லாரிகளுக்கு நடுவே ஊர்ந்து போக வேண்டும். இளநிலை உதவியாளராகச் சேர்ந்தவள் உதவியாளர் ஆனாள். அதற்கு மேல் உள்ள படி கண்காணிப்பாளர். அந்த அறையில் உதவியாளர்களின் மேசைகள் இரண்டு வரிசையாக இருக்கும். கண்காணிப்பாளரின் மேசை குறுக்கே, எல்லோரையும் பார்த்தபடி கிடக்கும். உதவியாளர் கோப்பில் குறிப்பு எழுதி, இடது ஓரத்தில் சுருக்கொப்பம் வைப்பார். கண்காணிப்பாளர் அதைப் படித்து, அதன் கீழே முழுக் கையெழுத்துப் போட்டு மேலே அனுப்புவார். முப்பது ஆண்டுகளாக அக்காவின் இடம் இடது ஓரம்.

அப்பா துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர். தெருவில் எல்லோரிடமும் மகளை ஆபீசர் என்றே சொல்லி வந்தார். அக்கா ஒவ்வொரு முறையும் திருத்துவாள்: "ஆபீசர் இல்ல நைனா, அசிஸ்டென்ட்டு." அவர் இறந்தபோதும் அவள் அசிஸ்டென்ட்தான். கண்காணிப்பாளராகி ஓய்வு பெற வேண்டும் என்பதை அவள் ஆசை என்று சொல்லிக்கொண்டதில்லை. ஆனால் அதற்கான துறைத் தேர்வுகளை எல்லாம் முப்பத்தைந்து வயதுக்குள் எழுதி முடித்திருந்தாள். கணக்குத் தேர்வை மட்டும் மூன்று முறை எழுத வேண்டியிருந்தது. மூன்றாவது முறை தேர்ச்சி பெற்ற தாளை இன்றும் அலமாரியில் புத்தர் படத்துக்குப் பின்னால் வைத்திருக்கிறாள்.

அவள் மேசைக்கு எதிர் மேசையில் ஒருவர் இருந்தார். வியாசர்பாடி வாரியக் குடியிருப்புக்காரர். அக்காவைவிட இரண்டு வயது மூத்தவர், வேலைக்கும் முன்பே வந்தவர். இளநிலை உதவியாளராக இருந்தபோது, ஒரு கோப்பு காணாமல் போனதற்காக அவர் மேல் குற்றக் குறிப்பாணை வந்தது. ஆண்டுதோறும் பதவி உயர்வுப் பட்டியல் தயாராகும்போது குறிப்பிட்ட ஒரு தேதியில் யார் மீதும் குற்றச்சாட்டு நிலுவையில் இருக்கக்கூடாது. இருந்தால் பெயர் வராது. அவருடைய குற்றச்சாட்டு ஏழு பட்டியல்கள் கடந்து போகும்வரை நிலுவையில் இருந்தது. பிறகு அலமாரியை நகர்த்திச் சுவருக்கு வெள்ளையடித்தபோது, அதன் பின்னாலிருந்து அந்தக் கோப்பு கிடைத்தது. குற்றச்சாட்டைக் கைவிட்டார்கள். அதற்குள் அவருக்குப் பின்னால் வந்தவர்கள் எல்லோரும் உதவியாளராகிவிட்டார்கள், அக்கா உட்பட. தன் பழைய இடத்தைத் திரும்பத் தரக் கேட்டு அவர் கொடுத்த மனு பரிசீலனையில் இருந்தது. பரிசீலனையிலேயே இருந்தது.

"நம்ம கத கோர்ட்டு வராண்டால கீற சாட்சி மாரி மேடம்," என்று அக்காவிடம் சொல்வாராம். "தெனமும் வந்துகினு கீறோம். பேர மட்டும் கூப்புட மாட்றான்."

ஒரு கண்காணிப்பாளர் இடம் காலியானது. பட்டியலில் முதல் பெயர் அக்கா. இரண்டாவது அவர். அவருக்கு ஓய்வு பெற ஐந்து மாதம் இருந்தது. அக்காவுக்கு இரண்டு வருடம் எட்டு மாதம்.

அந்த அலுவலகத்தில் ஒரு வழக்கம் உண்டு. ஓய்வு பெறும் தறுவாயில் ஒருவர் இரண்டாம் இடத்தில் நின்றால், முதல் இடத்தில் இருப்பவர் விட்டுக்கொடுப்பார். இரண்டாமவர் நாலைந்து மாதம் கண்காணிப்பாளராக இருந்துவிட்டு, அந்தப் பதவியிலேயே மாலை வாங்கிக்கொண்டு போவார். அந்த இடம் மறுபடி காலியாகும். விட்டுக்கொடுத்தவர் அடுத்த பட்டியலில் அதில் போய் உட்காருவார். அக்கா பார்க்கவே இரண்டு முறை நடந்திருக்கிறது. அதற்கும் சில முறைகள் உண்டு. வாங்கிக்கொள்பவர் கேட்கக்கூடாது. கொடுப்பவர் சொல்லிக் காட்டக்கூடாது. கொடுப்பவர் எழுதும் கடிதத்தை வாங்கிக்கொள்பவர் படிக்கக்கூடாது. சாப்பாட்டு நேரத்தில் யாரோ ஒருவர், சாருக்கு இன்னும் அஞ்சே மாசம் என்று பொதுவாகச் சொல்வார். அவ்வளவுதான். அன்றைக்கும் யாரோ சொன்னார்கள். அக்கா தன் டிபன் பாக்ஸை மூடிவிட்டு எழுந்து போய்க் கை கழுவினாள். எல்லோருக்கும் விஷயம் புரிந்துவிட்டது.

அந்த ஞாயிற்றுக்கிழமை பிற்பகலில், எழுதி வைத்திருந்த வரைவை என்னிடம் நீட்டினாள். ஒன்றரைப் பக்கம். முன்பு விட்டுக்கொடுத்த இருவரும் எழுதிய கடிதங்களைப் பார்த்து, அதே நடையில் எழுதியிருந்தாள். அம்மாவின் முழங்கால் வலி, ரயில் நேரம் ஒத்துவராதது, அதனால் "இப்போதைக்கு" கூடுதல் பொறுப்பை ஏற்க இயலாத "சூழ்நிலையில்" இருப்பது, இதைக் "கனிவுடன் கவனத்தில் கொள்ள" வேண்டுவது. முதல் பக்கத்தின் கடைசி வரை ஒரே வாக்கியம்.

"அக்கா, நீ இன்னா சொல்ல வர்ற? பிரமோஷன் வாணாம், அடுத்தவருக்குக் குடுங்க. அதானே?"

"ஆமா."

"அப்ப அத சொல்லு. அம்மா முட்டிலாம் எதுக்கு?"

கட்டிலில் படுத்திருந்த அம்மா திரும்பாமலே கேட்டாள்: "ஏன்டா, என் முட்டி உன்ன இன்னா பண்ணுச்சு?"

மூவரும் சிரித்தோம். நான் வேறொரு தாள் எடுத்தேன். நடப்புப் பட்டியலில் என் பெயர் முதலிடத்தில் உள்ளது. கண்காணிப்பாளர் பதவி உயர்வுக்கான என் உரிமையை விட்டுக்கொடுக்கிறேன். இது யாருடைய வற்புறுத்தலும் இல்லாமல் நானே எடுத்த முடிவு. அடுத்து உள்ளவரைப் பரிசீலிப்பதில் எனக்கு ஆட்சேபம் இல்லை. பத்து நிமிட வேலை. அக்கா இரண்டு முறை படித்தாள்.

"இவ்ளோ சின்னதா இருந்தா போதுமாடா?"

சொல்ல வேண்டியது அவ்வளவுதான் என்றேன். தன் கையெழுத்தில் அதைப் பார்த்து எழுதிக்கொண்டாள். மறுநாள் அலுவலகத்தில் கொடுத்தபோது, அதைப் படித்து வித்தியாசம் சொல்லியிருக்கக்கூடிய ஒரே பழைய ஆள் எதிர் மேசைக்காரர்தான். அலுவலகத் தபாலில் அந்தக் கடிதம் மேசை மேசையாகப் போகும்போது அவர் எழுந்து வெளியே போய்விட்டாராம். அலுவலகத் தலைவர் புதிதாக வந்தவர். மேலே அனுப்பி வைத்தார்.

மூன்று வாரத்தில் அவருக்கு ஆணை வந்தது. அன்று அவர் புளியந்தோப்பிலிருந்து அலுவலகம் முழுவதற்கும் பிரியாணி வரவழைத்தார். குறுக்கே கிடந்த மேசைக்குப் பின்னால் அவரைப் பிடித்து உட்கார வைத்தார்கள். நாற்காலியில் துண்டு போடச் சொன்னதற்கு மறுத்துவிட்டார். "நாலு மாசத்துக்கு துண்டு இன்னாத்துக்கு, கர்ச்சீப்பு போதும்," என்றாராம். அந்த நாலு மாதமும் அக்காவின் குறிப்புகளுக்குக் கீழே அவர் கையெழுத்துப் போட்டார். ஒரு வார்த்தை மாற்றியதில்லை. ஓய்வு பெற்ற நாளில், அக்காவுக்கும் அவருக்கும் இடையில் எந்தப் பேச்சும் நடக்கவில்லை என்று அக்கா சொன்னாள். அவர் கும்பிட்டார். இவள் தலையாட்டினாள்.

அடுத்த பட்டியல் வந்தது. முதல் பெயர், முன்பு மூன்றாவதாக இருந்தவர். அக்காவின் பெயர் அடிக்குறிப்பில் இருந்தது: உரிமை விடல் அளித்துள்ளதால் பரிசீலிக்கப்படவில்லை.

தட்டச்சுப் பிழையாக இருக்கும் என்று அக்கா முதலில் நினைத்தாள். நானும் அவளும் தலைமை அலுவலகத்துக்குப் போனோம். பட்டியல் பிரிவில் இருந்த அதிகாரி நிதானமான மனிதர். எங்களை உட்காரச் சொல்லி, கோப்பை எடுத்து வரச் சொன்னார். அதில் பழைய இரண்டு கடிதங்களும் இருந்தன, அக்கா பார்த்து எழுதியவை. அவற்றை எங்கள் பக்கம் திருப்பி வைத்தார். இவற்றில் எங்காவது உரிமையை விட்டுவிட்டேன் என்று இருக்கிறதா பாருங்கள் என்றார். இல்லை. இப்போது முடியாது என்று ஒரு வேண்டுகோள்தான் இருந்தது. அதனால் அவர்களை அப்போதைக்கு நிறுத்தி வைத்தார்கள், அடுத்த முறை சேர்த்துக்கொண்டார்கள். உரிமையை எழுத்து மூலம் விட்டுவிட்டவரை மூன்று ஆண்டுக்குப் பரிசீலிக்க முடியாது, அது விதி. நடுவில் திரும்பப் பெறவும் வழியில்லை. அக்கா கடிதம் கொடுத்த தேதியிலிருந்து மூன்று ஆண்டு முடிவதற்கு நாலு மாதம் முன்னால் அவள் ஓய்வு பெற்றுவிடுவாள்.

அந்த ஒன்றரைப் பக்க வளவளப்பு எதற்காக என்று அந்த அலுவலகத்தில் யாரும் யாருக்கும் சொன்னதில்லை. ஒருவரைப் பார்த்து ஒருவர் எழுதினார்கள். அது அவர்களைக் காப்பாற்றியது.

அதிகாரி கடைசியில் என் நான்கு வரியை எடுத்தார். படித்துவிட்டு, பாராட்டாகவே சொன்னார்: "ஆனா ஒண்ணும்மா, இவ்ளோ தெளிவா ஒரு லெட்டர் இந்த ஃபைல்லயே கிடையாது. யார் எழுதிக் குடுத்தாங்க?"

நான் வாயைத் திறப்பதற்குள் அக்கா சொன்னாள்: "நான்தான் சார் எழுதினேன்."

வெளியே வந்து பஸ் நிறுத்தத்தில் நின்றோம். அவள் தண்ணீர் பாட்டிலை எடுத்துக் குடித்துவிட்டு என்னிடம் கொடுத்தாள். ஆபீசுக்கு நேரமாகிவிட்டதா என்று என்னைக் கேட்டாள்.

பாரிமுனையில் ஒரு வழக்கறிஞரைப் பார்த்தோம். பணி வழக்குகள் மட்டும் நடத்துபவர். பதவி உயர்வு யாருடைய உரிமையும் அல்ல என்றார். முறை வரும்போது பரிசீலிக்கப்படுவது மட்டும்தான் உரிமை. அதை யாராலும் பறிக்க முடியாது, ஆனால் தானாக எழுதிக் கொடுக்கலாம். கடிதத்தை எழுதியது நான், விஷயம் தெரியாமல் எழுதினேன் என்று பிரமாணம் தரட்டுமா என்று கேட்டேன். தம்பி எழுதிக் கொடுத்தார் என்பது சட்டத்தில் காரணமே இல்லை என்றார். ஒரே ஒரு வழி இருந்தது. இது அந்த ஒரு முறைக்காக, அலுவலக வழக்கப்படி, இன்னாருக்காகச் செய்யப்பட்டது என்று அந்த இன்னாரே வந்து எழுதிக் கொடுக்க வேண்டும். கொடுத்தால் வழக்கு நிற்கலாம். ஆனால் பேசி வைத்து வாங்கிய பதவி என்று அவருடைய ஆணையையும் மறுபரிசீலனைக்கு எடுக்கலாம். ஓய்வூதியம் பழைய பதவிக்கு இறங்கலாம்.

இது எப்படியோ எதிர் மேசைக்காரர் காதுக்குப் போய்விட்டது. ஒரு சனிக்கிழமை காலை எங்கள் வீட்டுக்கு வந்தார். ஓய்வுக்குப் பிறகு இளைத்திருந்தார். நாற்காலியின் நுனியில் உட்கார்ந்தார். அக்கா டீ வைக்க எழுந்தாள். அவர் வேண்டாம் என்று கைகாட்டினார்.

"நான் வந்து சொல்றேன் மேடம். எங்க கையெழுத்து போடணுமோ போட்றேன்."

அக்கா மறுபடி உட்கார்ந்தாள்.

"அன்னிக்கு அந்த லெட்டர நான் ஒருவாட்டி பாத்திருந்தா, கிழிச்சிப் போட்டு வேற எழுதுங்கன்னு சொல்லிருப்பேன். மொறைன்னு ஒண்ணு கீதுல்ல, பாக்கக் கூடாதுன்னுட்டு எழுந்து போய்ட்டேன். சிகரெட்டு கூட புடிக்கல. சும்மா நின்னுகினு இருந்தேன்."

"உங்க வூட்டுல தெரியுமா, நீங்க இங்க வந்தது?" என்று அக்கா கேட்டாள்.

அவர் தரையைப் பார்த்தார். வீட்டில் அவர் மனைவி, வாசல் கதவில் அவர் பெயரையும் கண்காணிப்பாளர், ஓய்வு என்பதையும் பெயின்ட்டில் எழுதி வைத்திருந்தார். அது அக்காவுக்குத் தெரியும். எனக்குப் பிறகுதான் தெரிந்தது.

"அப்ப நீங்க கெளம்புங்க சார்," என்றாள் அக்கா. "நான் குடுத்தேன். இப்ப நானே வந்து உங்ககிட்டேர்ந்து புடுங்கணுமா?"

அவர் போன பிறகு நான் அவளிடம் வாதாடினேன். நீளமாக வாதாடினேன். அவர் தானாக முன்வருகிறார், ஏழு பட்டியலில் அவர் பட்டது அவளால் அல்ல, இது ஒன்றுதான் வழி என்றெல்லாம் சொன்னேன். அம்மா கட்டிலில் விழித்துக்கொண்டு கேட்டபடி இருந்தாள். அக்கா வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். நான் முடித்ததும், சாம்பார் வைக்கவா, காரக்குழம்பு வைக்கவா என்று கேட்டாள்.

அவருடைய பிரமாணம் இல்லாமலே மனு போட்டோம். பதினோரு மாதம் கழித்து எடுத்துக்கொள்ளப்பட்டது. நான் நீதிமன்றச் செய்திகளை எத்தனையோ முறை திருத்தியிருக்கிறேன், ஆனால் பார்வையாளர் பெஞ்சில் உட்கார்ந்தது அதுதான் முதல் தடவை. அரசு வழக்கறிஞர் வாதம் என்று எதையும் செய்யவில்லை. அந்தக் கடிதத்தைப் படித்தார். நான்கு வரிதான், அரை நிமிடம்கூட ஆகவில்லை. எங்கள் வழக்கறிஞர் பழைய இரண்டு கடிதங்களைக் காட்டி, அதே அலுவலகத்தில் அதே நிலையில் இருந்தவர்களை வேறு விதமாக நடத்தியிருக்கிறார்கள் என்றார். நீதிபதி மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். மனுதாரரின் கடிதம் தெளிவானது, நிபந்தனையற்றது, தம் விருப்பத்தின் பேரில் எழுதப்பட்டது என்று வாசகமே சொல்கிறது என்றார். மனு தள்ளுபடியானது. அடுத்த வழக்கின் எண்ணைக் கூப்பிட்டார்கள்.

திரும்பும்போது ராயபுரம் வரை பஸ்ஸில் வந்து, அங்கிருந்து ஷேர் ஆட்டோவில் ஏறினோம். முன்னால் ஒரு கண்டெய்னர் லாரி நின்றுவிட்டது. வெயில். எதிரில் உட்கார்ந்திருந்த பெண்ணின் மடியில் மீன் கூடை இருந்தது. நான் அக்காவிடம் அந்தக் கடிதத்தைப் பற்றிப் பேச ஆரம்பித்தேன். முதல் வாக்கியத்தைக்கூட முடிக்கவில்லை.

"நீ நல்லாதான்டா எழுதுன," என்றாள். பிறகு மீன்காரப் பெண்ணிடம், வஞ்சிரமா என்று கேட்டாள்.

மீதம் இருந்த மாதங்களில் அவள் ஒரு நாள்கூடத் தாமதமாகப் போகவில்லை. மூன்றாம் இடத்திலிருந்து வந்து கண்காணிப்பாளரானவர், அவளைவிட ஒன்பது வயது இளையவர், மரியாதையானவர். அவள் குறிப்புகளில் கையெழுத்துப் போடும் முன், "சரியா மேடம்?" என்று அவளையே கேட்பாராம். அவள் "நீங்கதான் சார் பாக்கணும்" என்பாளாம். கடைசி நாள் அலுவலகத்துக்கு நானும் போயிருந்தேன். காலையில் ஒரு கோப்பு வந்ததென்று எடுத்து, குறிப்பு எழுதி, இடது ஓரத்தில் சுருக்கொப்பம் வைத்து, கட்டி, தானே கொண்டுபோய்க் குறுக்கு மேசையில் வைத்தாள். பிற்பகலில் மாலை, சால்வை, ஒரு குத்துவிளக்கு. எதிர் மேசைக்காரரும் வந்திருந்தார். கடைசி வரிசையில், கதவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். அவரையும் இரண்டு வார்த்தை பேசச் சொன்னார்கள். எழுந்தார். மேடத்துக்கிட்ட நான், என்று ஆரம்பித்தார். மறுபடி உட்கார்ந்துவிட்டார். யாரோ கை தட்டினார்கள், பிறகு எல்லோரும் தட்டினார்கள்.

அம்மா அதற்கு அடுத்த ஆண்டு போய்விட்டாள். நானும் இப்போது வேலையில் இல்லை. தெருவில் மனு எழுத வருபவர்கள் மட்டும் குறையவில்லை. முதியோர் உதவித்தொகை, ரேஷன் அட்டையில் பெயர் சேர்ப்பு, வாரிய வீட்டுக்கு ஒதுக்கீடு. அக்கா கூடத்தில் உட்கார்ந்து எழுதிக் கொடுக்கிறாள். முன்பு எழுதி முடித்ததும் என் பக்கம் நீட்டுவாள். இப்போது நீட்டுவதில்லை. முடித்ததும் மடித்து, வந்தவர் கையில் கொடுத்துவிடுகிறாள். கோபத்தில் அல்ல. எனக்கு டீ கொடுக்கிறாள், என் மாத்திரைகளை எடுத்து வைக்கிறாள், பேப்பரில் வரும் பிழைகளைப் பற்றி நான் புலம்பினால் கேட்டுக்கொள்கிறாள்.

சென்ற மாதம் ஒரு நாள், யாரோ வாசலில் கூப்பிட்டார்கள் என்று எழுதியதை அப்படியே மேசையில் விட்டு எழுந்து போனாள். பக்கத்து வீட்டுப் பெண்ணுக்கான மனு. துப்புரவுப் பணியில் இருக்கிறாள் அந்தப் பெண். மேற்பார்வையாளராக்கி மணலிக்கு மாற்றுகிறார்கள், கைக்குழந்தை இருப்பதால் போக முடியாது. ஒன்றரைப் பக்கம். குழந்தையின் சளி, மாமியாரின் கண் அறுவை, பஸ் நேரம். இப்போதைக்கு என்று மூன்று இடத்தில் இருந்தது. முதல் பக்கம் முழுவதும் ஒரே வாக்கியம்.

மேசையில் அவள் பேனா திறந்தபடி கிடந்தது. அதை மூடி, தாளின் மேல் வைத்துவிட்டு என் இடத்துக்கு வந்து உட்கார்ந்தேன்.